மாலையைக் கழற்ற வந்தவர்

போன மாதம் துடியலூரில் ஒரு ஸ்டுடியோவுக்குப் போயிருந்தேன். என்னோடு வேலை பார்த்த எடிட்டர் ஒருவரின் மகள் அங்கே வெப் சீரிஸ் தயாரிக்கிறாள். "ஆன்ட்டி, செட்டை வந்து பாருங்க, குறை இருந்தா சொல்லுங்க" என்று கூப்பிட்டாள். ஓய்வு பெற்ற தயாரிப்பாளரை யார் கூப்பிடுகிறார்கள் இந்தக் காலத்தில்? கூப்பிட்ட வாய் மூடுவதற்குள் கிளம்பிவிட்டேன்.

செட்டில் ஒரு வீட்டுக் கூடம். சோபா, டிவி, மீன் தொட்டி எல்லாம் சரியாக இருந்தது. சுவரில் மாலை போட்ட படம் ஒன்று. நெற்றியில் திருநீறு, அளவான மீசை, யாரையோ விசாரிக்கப்போகிற மாதிரி ஒரு பார்வை. முன்னால் பேட்டரியில் எரியும் விளக்கு.

"யாரு கண்ணு இது?"

"யாருமே இல்லைங்க ஆன்ட்டி. கம்ப்யூட்டர்ல செஞ்சது."

"ஒரு ஆளைப் பார்த்துத்தான செஞ்சிருக்கும்?"

"இல்லைங்க. இப்படி ஒரு ஆளு உலகத்துலயே கிடையாது. பொறக்கவே இல்லை."

பிறக்காதவருக்கு மாலை. அவள் சிரித்தாள். அங்கிருந்த பிள்ளைகள் எல்லாம் சிரித்தார்கள். எனக்கு மட்டும் முதுகில் யாரோ ஈரத்துணியைப் போட்ட மாதிரி இருந்தது. "ஏன் ஆன்ட்டி முகம் ஒரு மாதிரி ஆயிருச்சு?" என்றாள். அவள் ஷாட் வைக்கிற அவசரத்தில் இருந்தாள். எழுதி அனுப்புகிறேன் என்று சொன்னேன். அதுதான் இது.

நான் சினிமா படித்தவள் இல்லை. பள்ளிக்கூடத்தையே பாதியில் விட்டவள். பொள்ளாச்சிப் பக்கம் படப்பிடிப்பு நடந்தபோது, நடிகர்களின் துணிக்கு இஸ்திரி போட ஆள் தேவைப்பட்டது. அப்படித்தான் உள்ளே நுழைந்தேன். கன்டினியுட்டி என்று ஒன்று உண்டு. காலையில் எடுத்த காட்சியில் நடிகரின் மேல் பொத்தான் திறந்திருந்தால், அடுத்த மாதம் எடுக்கிற அதன் தொடர்ச்சியிலும் திறந்திருக்க வேண்டும். எந்தக் கை மடித்திருந்தது, வேட்டியில் எந்த இடத்தில் கறை, எல்லாம் என் தலைக்குள் நிற்கும். அதைப் பார்த்துத்தான் தயாரிப்பாளர் நாச்சிமுத்து அண்ணன் என்னைப் பக்கத்தில் வைத்துக்கொண்டார். டிவி சீரியல்கள் வந்த பிறகு நிர்வாகத் தயாரிப்பாளர் ஆக்கினார். அவர் காலத்துக்குப் பின் நானே தயாரிப்பாளர் ஆனேன். நடுவில் பட்டதெல்லாம் தனிக்கதை, அதை விடுங்கள்.

அண்ணனுக்குக் கத்தத் தெரியாது. லைட்டைக் கீழே போட்டு உடைத்தவனிடமும், "ஏனுங்க தம்பி, கையில ஏதாச்சும் பட்டுதுங்களா?" என்றுதான் கேட்பார். தோட்டத்தில் குறுக்கே நிற்கிற மாட்டைப் பார்த்து, "கொஞ்சம் நகருங்க, ஷாட் இருக்குது" என்று அவர் சொன்னதை நானே கேட்டிருக்கிறேன். மாடும் நகர்ந்தது. ஒருநாள் கேட்டேன், "அண்ணா, தயாரிப்பாளர்ன்னா என்னங்க வேலை? பணம் போடறதுதானுங்களா?"

"பணத்தை எவன் வேண்ணாலும் போடுவான் அம்மணி. இத்தனை பேரைக் காலையில கூட்டியாந்து, ஒருத்தரை ராசாவாக்கி, ஒருத்தரைப் பிச்சைக்காரனாக்கி வெச்சிருக்கறோம். சாயங்காலம் அவங்கவங்களை அவங்கவங்களாவே ஊட்டுக்குத் தாட்டி உடோணும். அதுதான் வேலை."

பேச்சுக்குச் சொல்லவில்லை, அப்படியே செய்தார். பிணமாக நடிக்கிற காட்சி எடுத்தால், அந்த நடிகர் கடைசியில் எழுந்து கேமராவைப் பார்த்துச் சிரிக்க வேண்டும், அதையும் படம் பிடிக்க வேண்டும் என்பது எங்கள் தொழிலில் பல பேர் வைத்திருக்கிற வழக்கம். மற்றவர்கள் அவசரத்தில் ஒப்பேற்றுவார்கள். அண்ணன் ஒப்பேற்ற மாட்டார். எல்லா விளக்கும் எரிய வேண்டும். பாடையில் கிடப்பவரின் மாலையை அவரே கழற்றுவார். நெற்றிக் காசைத் துடைத்து எடுப்பார். பிறகு கேமராவுக்குப் பக்கத்தில் நின்று, கதாபாத்திரத்தின் பெயரை விட்டுவிட்டு, ஆளின் சொந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிடுவார்: "ஏனுங்க சுப்பிரமணி, எந்திரீங்க. ஊட்டுக்குப் போலாம்." படுத்திருப்பவர், "வாரேனுங்க" என்று பதில் சொல்லி எழுந்து சிரிக்க வேண்டும். சிரிக்கிற வரை பேக்கப் கிடையாது, யாரும் கிளம்ப முடியாது. பெரிய நடிகர் ஒருவர், "என்னங்க இதெல்லாம்" என்று முறைத்தபோது அண்ணன் சொன்னார்: "கேமரா உங்களை எப்படிப் பார்த்து முடிக்குதோ, அப்படியே வெச்சுக்குமுங்க. எதுக்கு அதுகிட்ட அப்படி உட்டுட்டுப் போறீங்க?" அவர் சிரித்துவிட்டுத்தான் போனார்.

இனி, செட்டில் அந்தப் படம் எனக்கு நினைவுபடுத்திய சீரியலுக்கு வருகிறேன்.

கதையில் நாயகியின் அப்பா இறந்துபோனவர். கூடத்தில் அவர் படம் மாட்டியிருக்கும். அவள் சுகம் துக்கம் எல்லாம் அந்தப் படத்திடம்தான் பேசுவாள். படத்துக்கு ஒரு முகம் வேண்டும். இங்கேதான் சங்கடம். கத்தியால் குத்துப்பட்டுச் சாகக்கூட ஆள் கிடைக்கும், மாலை போட்ட படமாகத் தொங்க ஒருவரும் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். எங்கள் மேக்கப்மேன், "என்ற பொண்டாட்டி பார்த்தா பொட்டை அழிச்சுக்குவாளுங்க" என்று கும்பிடு போட்டார்.

கலை இயக்குநரின் உதவியாளர் ஒரு வழி கண்டுபிடித்தான். உக்கடத்தில் காசிம் பாய் என்பவர் பழைய போட்டோ ஸ்டுடியோ வைத்திருந்தார். படம் எடுத்துக்கொண்டு, பிறகு வாங்க வராதவர்களின் படங்கள் அவரிடம் ஒரு பெட்டி நிறையக் கிடந்தன. "வாங்க வராதவங்க எல்லாம் எங்க போனாங்களோ, அல்லாவுக்குத்தான் வெளிச்சம்" என்று பாய் சொல்லியிருக்கிறார். இவன் அதை, போய்ச் சேர்ந்துவிட்டார்கள் என்று எடுத்துக்கொண்டான். செத்தவர் படத்துக்கு மாலை போட்டால் யார் கேட்கப்போகிறார்கள்? கட்டம் போட்ட நீலச் சட்டையில் ஒரு இளைஞர் படத்தை எடுத்து வந்து, பெரிதாக்கிச் சட்டம் போட்டு மாட்டினான்.

மாட்டிய நாளிலிருந்து விளக்கு நிற்கவில்லை. ஒலி கெட்டுவிடும் என்று மின்விசிறியை அணைத்துத்தான் நாங்கள் படம் எடுப்போம். ஜன்னலும் சாத்தியிருக்கும். ஆனாலும் அந்தப் படத்துக்கு முன்னால் ஏற்றுகிற அகல்விளக்குச் சுடர் ஒரு பக்கமாகச் சாய்ந்து சாய்ந்து அணைந்துவிடும். லைட்மேன் கேமராவுக்குத் தெரியாமல் பக்கத்தில் ஓர் அட்டையை ஒட்டி மறைத்தார். அப்போதும் சுடர் சாய்ந்தது. நாயகியாக நடித்த பெண், "நான் பேசறப்ப அவர் கேட்டுட்டு இருக்கற மாதிரியே இருக்குதுங்கக்கா" என்றாள். நல்லதுதானே, நடிப்பு நன்றாக வருகிறது என்றேன்.

ஒருநாள் மத்தியானச் சாப்பாட்டு நேரம். பொள்ளாச்சிப் பக்கம் நாங்கள் வாடகைக்கு எடுத்திருந்த வீட்டின் கேட்டைத் திறந்துகொண்டு நரைத்த மீசையோடு ஒருவர் வந்தார். வாட்ச்மேன் தடுக்கவில்லை. ஏன் தடுக்கவில்லை என்று கேட்டதற்கு, "தெரிஞ்ச மொகமா இருந்துதுங்க, நம்ம ஆளுன்னு உட்டுப்போட்டேன்" என்றார். எல்லாருக்கும் தெரிந்த முகம்தான். நாயகி கையிலிருந்த தட்டு கீழே விழுந்தது. சாப்பாடு பரிமாறுகிற சரசக்கா கரண்டியோடு பின்னால் போய்ச் சுவரில் ஒட்டிக்கொண்டார்.

வந்தவர் கைகூப்பினார். "ஏனுங்க, இங்க என்ற போட்டோவுக்கு மாலை போட்டிருக்குதுங்களாமா. கழட்டிப் போடலாமுன்னு வந்தேனுங்க."

அண்ணன்தான் எழுந்து போய் அவர் கையைப் பிடித்தார். சூடு இருக்கிறதா என்று பார்த்தார் என்பது எனக்குத் தெரியும். "மொதல்ல சாப்பிடுங்க" என்றார். சரசக்கா நின்ற இடத்தை விட்டு அசையவில்லை.

"சாம்பாரைக் கொஞ்சம் ஊத்துங்க அம்மணி. பேய்க்கும் பசிக்குமுங்க" என்றார் அவர். அதற்குப் பிறகுதான் எங்களுக்கெல்லாம் மூச்சு வந்தது.

பெயர் சின்னச்சாமி. சென்னிமலையில் பெட்ஷீட் வியாபாரம். வாலிபத்தில் பெண் வீட்டாரிடம் கொடுக்க உக்கடத்தில் அந்தப் படத்தை எடுத்தாராம். படம் கழுவி வருவதற்குள் சம்பந்தம் முறிந்துவிட்டது. பிறகு எதற்கு என்று வாங்கவே போகவில்லை. கல்யாணமும் செய்துகொள்ளவில்லை. அவரும் அம்மாவும்தான் வீட்டில்.

அந்த அம்மாவுக்காகத்தான் வந்திருந்தார். அம்மாவுக்கு வயதாகி நினைவு மங்கிக்கொண்டிருந்தது. சமீபத்தில் நடந்ததெல்லாம் அழிந்து, பழையது மட்டும் மிச்சம். அந்த நிலையில் ஒருநாள் சாயங்காலம் டிவியில் மகனைப் பார்த்துவிட்டார், மாலையோடும் விளக்கோடும். நீலச் சட்டை போட்ட அந்த வாலிபன்தான் அவருக்கு மகன். பக்கத்தில் நரைத்த தலையோடு உட்கார்ந்திருந்தவர் யாரோ.

"தெனமும் அந்த நேரத்துக்கு ஒப்பாரி வெக்கறாங்க. என்ற கையில சோறு வாங்க மாட்டேங்கறாங்க. பக்கத்து ஊட்டு அக்கா வந்து ரெண்டு வாய் ஊட்டி உடுது. அதுல எத்தனை நாளைக்குங்க உசுரு நிக்கும்? நான் கோர்ட்டு கேசுன்னு வரலீங்க. எங்கம்மா சாகறதுக்குள்ள என்னைய ஒருக்கா மகனேன்னு கூப்பிட்டாப் போதும்."

அவர் கூடத்துக்குள் வரவில்லை, வாசலோடு நின்றுவிட்டார். தன் படத்தை மாலையோடு பார்க்கத் தைரியம் இல்லை என்றார். அண்ணன் அன்றைக்கே படத்தை இறக்கினார். அதன் இடத்தில் சாமி படம் வந்தது.

பிரச்சினை தீர்ந்தது என்றுதான் நினைத்தோம். படம் இல்லாத பகுதிகள் ஒளிபரப்பாகத் தொடங்கியதும் சின்னச்சாமி போன் செய்தார். "இத்தனை நாளா செத்தாவது கண்ணு முன்னால இருந்தான், இப்ப அதுவும் இல்லைங்கறாங்க. அந்த அக்கா ஊட்டுனாலும் வாயைத் தொறக்க மாட்டேங்கறாங்க."

நானும் அண்ணனும் சென்னிமலைக்குப் போனோம். தறிச் சத்தம் கேட்கிற தெரு. நாங்கள் நுழைந்ததும் அந்த அம்மா கட்டிலில் சாய்ந்தபடி கையெடுத்துக் கும்பிட்டார்.

"எழவுக்கு வந்தீங்களா? ஒக்காருங்க. அந்தப் பையன் காப்பி வெப்பான்."

அந்தப் பையன் சமையல் அறையில் பால் காய்ச்சிக்கொண்டிருந்தார். அண்ணன் தரையில் உட்கார்ந்தார். "அந்தப் பையன் யாருங்கம்மா?"

"தெரியலீங்க. என்ற மகன் போனதுல இருந்து இங்கயேதான் இருக்கறான். நல்ல பையன். ஆனா அவன் கையில வாங்கித் தின்னா என்ற மகன் எடத்தை அவனுக்குக் குடுத்த மாதிரி ஆயிப்போகுமுங்களே?"

"மகன் பேசுவாரா?"

"பேசாமயா? போறதுக்கு முன்னால கூடச் சொன்னான்." குரலைத் தாழ்த்தினார். "அம்மா, இங்க ஒரே காத்தா அடிக்குது. வெளக்கு நிக்க மாட்டேங்குது. அட்டை வெச்சு மறைச்சுப் பார்த்தாங்க, அப்பவும் நிக்கல. என்னைய ஊட்டுக்குக் கூட்டிட்டுப் போயிருன்னான்."

நான் அண்ணனைப் பார்த்தேன். அண்ணன் என்னைப் பார்க்கவில்லை. விளக்கு அணைந்ததை நாங்கள் ஒளிபரப்பியதே இல்லை. அட்டை ஒட்டியது எங்கள் யூனிட் ஆட்களைத் தவிர யாருக்கும் தெரியாது. வெளியே வந்ததும் சின்னச்சாமியிடம் கேட்டேன். "அட்டையா? என்ன அட்டைங்க?" என்றார். இதற்கு விளக்கம் தெரிந்தவர்கள் எனக்குச் சொல்லலாம். இத்தனை வருஷமாகக் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறேன்.

கார் மெயின் ரோட்டுக்கு வந்ததும் அண்ணன், "அவரை எழுப்பணும் அம்மணி" என்றார். "நாமதான படுக்க வெச்சோம்?"

கதையில் செத்த அப்பாவை உயிரோடு கொண்டுவர வேண்டும் என்றதும் கதை எழுதுகிறவர் தலையில் கை வைத்துவிட்டார். "திதியே குடுத்தாச்சுங்க அண்ணா! போன வாரம்தான் காக்காய்க்குச் சோறு வெச்சோம்." சேனல்காரர் போனில், "ஜனங்க நம்புவாங்களா?" என்றார். அண்ணன் சொன்னார்: "செத்துட்டாருன்னு சொன்னதும் நாமதான? அப்ப நம்புனாங்கள்ல?"

படத்தை மறுபடி மாட்டி, மாலை போட்டு, விளக்கு ஏற்றினோம். சின்னச்சாமியை நான் தயார் செய்தேன். படத்தில் இருக்கிற அதே கட்டத்தில் நீலத் துணி கிடைக்காமல் கடைசியில் தறியில் நெய்யச் சொல்லியே வாங்கினேன். அதே காலர், மேல் பொத்தான் திறந்து. மேக்கப்மேன் மீசைக்கும் தலைக்கும் சாயம் அடித்தார். கண்ணாடியில் பார்த்துவிட்டு, "பொண்ணு பார்க்கப் போற மாதிரி இருக்குதுங்க" என்று சின்னச்சாமி வெட்கப்பட்டார்.

காட்சி சின்னதுதான். வாசல் வழியாக வர வேண்டும். தன் படத்தைப் பார்க்க வேண்டும். மாலையைக் கழற்ற வேண்டும். பிறகு வசனம். நடிக்கிறவர்கள் லென்ஸைப் பார்க்கக் கூடாது என்பது எங்களுக்குப் பாலபாடம். அண்ணன் அன்றைக்கு, "லென்ஸைப் பாருங்க, அதுக்குள்ள உங்கம்மா இருக்கறாங்க. அவங்களைக் கூப்பிடுங்க" என்றார்.

சின்னச்சாமி வந்தார். மாலையைக் கழற்றினார். லென்ஸைப் பார்த்து, "அம்மா, வந்துட்டேனுங்க" என்றார். அவ்வளவுதான். நாயகி, தனக்கு எழுதிக்கொடுத்திருந்த வசனத்தை மறந்து நின்றாள். நான் விளக்கைப் பார்த்தேன். சுடர் நேராக நின்றுகொண்டிருந்தது.

ஷாட் முடிந்ததும் அண்ணன் கேமரா பக்கத்தில் போய் நின்றார். "ஏனுங்க சின்னச்சாமி, ஊட்டுக்குப் போலாம்."

"வாரேனுங்க" என்றார். சிரிப்பு வரவில்லை. அண்ணன் காத்திருந்தார். யூனிட்டே காத்திருந்தது.

"எங்கம்மா கூப்பிடட்டுமுங்க. அப்பறம் சிரிக்கறேன்."

அண்ணனோடு இருந்த அத்தனை வருஷத்தில், சிரிப்பு எடுக்காமல் அவர் பேக்கப் சொன்னது அன்றைக்கு மட்டும்தான்.

ஒளிபரப்பான சாயங்காலம் நாங்கள் இருவரும் சென்னிமலையில் அந்தக் கட்டிலுக்குப் பக்கத்தில் இருந்தோம். என் பையில் அந்த நீலச் சட்டை. ஏன் எடுத்துக்கொண்டேன் என்று கேட்டால், பழக்கம்தான். தொடர்ச்சி இருக்கிற காட்சிக்குத் துணியைக் கையோடு கொண்டுபோவது.

டிவியில் மாலை கழன்றது. "அம்மா, வந்துட்டேனுங்க." அந்த அம்மா கட்டிலில் நிமிர்ந்து உட்கார்ந்தார். முகம் அப்படியே மலர்ந்தது. "வந்துட்டான்! வந்துட்டான் பாருங்க!"

பக்கத்தில் இருந்த சின்னச்சாமி அவர் கையைப் பிடித்தார். "ஆமாங்கம்மா. வந்துட்டேனுங்க."

அந்த அம்மா திரும்பிப் பார்த்தார். கன்னத்தைத் தடவினார். அத்தனை பிரியமாகச் சொன்னார்: "நீ யாரு பெத்த புள்ளையோ, இத்தனை நாளு எனக்குத் தொணைக்கு இருந்தே. என்ற மகன் வந்துட்டான். இனி நீ உன்ற ஊட்டுக்குப் போ கண்ணு. உங்கம்மா உன்னையத் தேடிட்டு இருப்பா."

அண்ணன் தலை குனிந்துகொண்டார். எனக்கு என்ன தோன்றியதோ, பையைத் திறந்து சட்டையைச் சின்னச்சாமி மடியில் வைத்தேன். வாசலைக் காட்டினேன். அவருக்குப் புரிந்துவிட்டது. ஒரு காட்சியில் நடித்தவர் அல்லவா?

"சரிங்கம்மா. போயிட்டு வாரேனுங்க" என்று எழுந்தார்.

"பார்த்துப் போ சாமி" என்றார் அம்மா.

கதவு சாத்திய சத்தம் கேட்டது. பிறகு கொஞ்ச நேரம் தறிச் சத்தம் மட்டும். பிறகு கதவு திறந்தது. நீலச் சட்டை, ஷூட்டிங்குக்கு அடித்த சாயம் போகாத கருத்த மீசை. மேல் பொத்தானைப் போட்டிருந்தார், நான் சைகை செய்தேன், திறந்துவிட்டுக்கொண்டார். "அம்மா, வந்துட்டேனுங்க."

"வா கண்ணு, வா மகனே. எப்படி எளைச்சுப்போயிட்டே" என்று இழுத்துப் பக்கத்தில் உட்காரவைத்துக்கொண்டார். பக்கத்து வீட்டு அக்கா தட்டில் சோறு போட்டுக் கொடுத்தார். அம்மா அதை வாங்கி மகனுக்கு ஊட்டினார். மகன் அம்மாவுக்கு ஊட்டினார். அம்மா மென்று விழுங்கினார். அதைப் பார்த்துவிட்டு நான் கண்ணைத் துடைத்துக்கொள்ளும்போதுதான் அந்த அம்மா இன்னொரு தட்டு கேட்டார்.

"இன்னொண்ணு யாருக்குங்கம்மா?"

"அந்தப் பையனுக்குத்தான். பசியோட போயிட்டான். வருவான், எங்க போகப்போறான்?" அந்தத் தட்டில் சோறு போட்டுக் கதவோரம் வைக்கச் சொன்னார். சின்னச்சாமி அந்தத் தட்டைப் பார்த்தார், தனக்கு வைத்த சோற்றை. அப்போதுதான் சிரித்தார். எந்தக் கேமராவும் அங்கே இல்லை.

அதற்குப் பிறகு அந்த அம்மா இருந்தவரை அப்படித்தான் நடந்தது. சின்னச்சாமி சாயம் அடிப்பதை விடவில்லை. அதே துணியில் இன்னும் சில சட்டைகள் தைத்துக்கொண்டார். ஒவ்வொரு வேளையும் கதவோரம் இன்னொரு தட்டு. ஒருநாள் போனில் கேட்டேன், "அந்தச் சோத்தை என்னங்க பண்றீங்க?"

"அம்மா தூங்குனதுக்கப்பறம் சட்டையை மாத்திட்டு நானேதான் சாப்பிடறனுங்க. அவனும் பாவமில்லீங்களா?"

ஏன் முகம் மாறியது என்று செட்டில் கேட்டாயே அம்மணி, இதுதான் அந்தக் கதை. உன் செட்டில் குறை ஒன்றும் இல்லை. நீங்கள் ஷாட் முடித்துச் சாப்பிடப் போனபிறகு நான் கொஞ்ச நேரம் அங்கேயே நின்றேன். மாலை, பேட்டரி விளக்கு, யாரையோ விசாரிக்கப்போகிற அந்த முகம். அண்ணன் இருந்திருந்தால் சும்மா விட்டுப் போயிருக்க மாட்டார் என்று தோன்றியது. படத்துக்கு முன்னால் போய் நின்றேன்.

"ஏனுங்க" என்று கூப்பிட்டேன்.

அதற்கு மேல் என்ன பெயர் சொல்லி எழுப்புவது என்று எனக்குத் தெரியவில்லை.